நடத் தெரியாத இரண்டு பேர்

வெறுங்கையைச் சேற்றில் குத்தி எடுத்தால் ‘சளுக்’கென்று ஒரு சத்தம் வரும். நாற்றோடு குத்தினால் வராது. வேரைச் சேறு வாங்கிக்கொள்ளும், விரல் சத்தமில்லாமல் வெளியே வந்துவிடும். காலமெல்லாம் நடவு நட்ட எங்கள் தெருப் பெண்களுக்கே இந்த வித்தியாசம் அதுவரை தெரியாது, ஏனென்றால் வேலை மெனக்கெட்டு வெறுங்கையைச் சேற்றில் குத்த அவர்களுக்கு என்ன தலையெழுத்து. எனக்குத் தெரியும். ஒன்பது வயதில் ஒரு பகல் முழுக்க, இடது கையில் பிடித்திருந்த நாற்றுக் கட்டான முடியிலிருந்து ஒரு தாளைக்கூடப் பிரிக்கக் கூடாது என்ற கட்டளையோடு, வலது கையை மட்டும் சேற்றில் குத்திக் குத்தி எடுத்துக்கொண்டு, பதினான்கு பேர் நின்ற நடவு வரிசையின் நட்ட நடுவில் பின்னோக்கி நகர்ந்தவள் நான். பண்ணையின் வேலைகளை மேற்பார்க்கும் காரியக்காரர் வரப்பில் குடை பிடித்து நின்றார். அந்தச் சத்தம் அவருக்குக் கேட்டுவிடுமோ என்று வரப்பையே ஓரக்கண்ணால் பார்த்தேன். என் முகத்தைப் பார்த்துத்தானோ என்னவோ, அம்மா நடவுப் பாட்டை இன்னும் உரக்க எடுத்தாள்.

இரண்டு வாரத்துக்கு முன் வெட்டிக் கொல்லப்பட்ட ஒரு மனிதருக்காக எங்கள் தெருப் பெண்கள் செய்த காரியம் அது. அதில் எனக்கும் ஒரு பங்கு உண்டு என்பதை ஐம்பது வருஷமாகச் சொல்லிக்கொண்டு திரிகிறேன். கேட்டவர்களுக்கு அலுத்திருக்கும், எனக்கு இன்னும் அலுக்கவில்லை.

எங்கள் ஊர் மன்னார்குடியிலிருந்து பஸ்ஸில் முக்கால் மணி நேரம். ஊருக்குத் தெற்கே, வாய்க்காலைத் தாண்டி இருந்தது எங்கள் தெரு. பண்ணை வேலை செய்கிறவர்களின் தெரு. எங்களுக்கான சுடுகாடு ஆற்றங்கரையில் இருந்தது. தெருவுக்கும் ஆற்றங்கரைக்கும் நடுவில் பெரிய பண்ணையாரின் நான்கு வயல்கள் ஒன்றையொன்று ஒட்டிக் கிடந்தன. ஊருக்குள் இருக்கும் வண்டிப்பாதை வழியாக எங்கள் பிணம் போகக் கூடாது; வயல் வழியாகப் போனால் பயிர் மிதிபடும், போலீஸில் பிராது கொடுப்பார்கள். ஆகவே எங்கள் தெருவில் யார் இறந்தாலும், தூக்குகிறவர்கள் வாய்க்காலுக்குள் இறங்கி, இடுப்பளவு தண்ணீரில், சில சமயம் மார்பளவு தண்ணீரில், பாடையைத் தலைக்குமேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஆறு வரைக்கும் நடக்க வேண்டும். அறுவடை முடிந்து வயல் காய்ந்து கிடக்கும் மாதங்களில் மட்டும் தரிசு நிலத்தின் குறுக்கே போகலாம் என்பதால், எங்கள் தெருவில் கோடையில் செத்தவர்களைக் ‘குடுத்து வச்சவங்க’ என்பார்கள். சாவதற்கும் பருவம் பார்க்க வேண்டியிருந்த தெரு அது.

இதை மாற்றப் புறப்பட்டவர்தான் வைரக்கண்ணு. பெண்களுக்கு அவர் ‘வைரண்ணன்’. பண்ணையாளாகப் பிறந்து, எட்டாம் வகுப்பு வரை எப்படியோ படித்து, சுற்று வட்டாரத்தில் இருபது கிராமத்துத் தெருக்களை விவசாயக் கூலிச் சங்கத்தில் சேர்த்தவர். தலைவர் என்றால் நீங்கள் மேடையையும் மைக்கையும் நினைத்துக்கொள்வீர்கள். அவருக்கு மேடையில் பேச வராது. கீச்சுக் குரல், நான்கு வாக்கியத்துக்கு மேல் போனால் வேர்த்துக் கொட்டிவிடும். அவருக்கு வந்தது மனு எழுதுவது. குண்டு குண்டான எழுத்தில், ஓரம் விட்டு, அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதுவார். பள்ளிக்கூடத்தில் சேர்க்காத பிள்ளைக்கு மனு, டீக்கடையில் தனிக் குவளை வைத்ததற்கு மனு, சவுக்கால் அடிபட்டவனுக்கு மனு. அவர் எழுதி அனுப்பிய காகிதத்துக்குப் பயந்து சவுக்கு பரணில் ஏறிய பண்ணைகள் உண்டு.

எழுதிய மனுவை அனுப்புவதற்கு முன் அவர் ஒரு காரியம் செய்வார். நடவிலும் களையெடுப்பிலும் இருக்கும் பெண்கள் மத்தியானம் கஞ்சி குடிக்க வரப்பில் உட்காரும் நேரம் பார்த்து, சைக்கிளைச் சாத்திவிட்டு வந்து, மனுவை முதலிலிருந்து கடைசி வரை படித்துக் காட்டுவார். சங்கக் கூட்டத்துக்குப் பெண்கள் வருவதில்லை, ஆகவே கூட்டத்தை அவர் வரப்புக்குக் கொண்டுவந்தார். ‘இது சரிதானம்மா, ஏதும் விட்டுப் போச்சா’ என்று கேட்பார். சுடுகாட்டுப் பாதைக்கான மனுவை மட்டும் ஏழெட்டுத் தடவை எழுதினார், ஏழெட்டுத் தடவையும் படித்துக் காட்டினார். தெருக்கோடி வேப்பமரம் முதல் ஆற்றங்கரை ஒற்றைப் பனைமரம் வரை, நேர்கோட்டில், எட்டடி அகலம் என்று வரும் அந்த வரி எங்கள் தெருவில் எழுதப் படிக்கத் தெரியாத பெண்கள் எல்லாருக்கும் மனப்பாடம். நான் வாய்ப்பாடு கற்பதற்கு முன்னால் அதைக் கற்றேன்.

அந்த மனுவைத் தாலுகா ஆபீஸில் நேரில் கொடுத்துவிட்டுத் திரும்பும்போதுதான் அவரைக் கொன்றார்கள். ஆவணி கடைசி. காலை பதினோரு மணி இருக்கும், வாய்க்கால் மதகுக்குப் பக்கத்தில் நாலு பேர் காத்திருந்தார்கள். பட்டப்பகல், வயலில் ஆள் இருக்கும் நேரம், ஓடி வருவதற்குள் முடிந்துவிட்டது. எங்களைப் பள்ளிக்கூடத்திலிருந்து பாதியில் அனுப்பினார்கள். நான் தெருவுக்குள் வரும்போது யாரோ அவர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். அது நேராக வரவில்லை, முன்சக்கரம் கோணியிருந்தது. அதைப் பார்த்த பிறகுதான் எனக்கு அழுகை வந்தது. வெட்டியவர்கள் கூலிக்கு வந்தவர்கள், பின்னால் தண்டனையும் பெற்றார்கள். ஏவியது யார் என்பது ஊருக்கே தெரியும், கோர்ட்டுக்கு மட்டும் கடைசிவரை தெரியவில்லை.

மறுநாள் அவரை எடுக்க வேண்டும். இருபது கிராமத்திலிருந்தும் ஜனம் வந்து தெரு கொள்ளவில்லை. பண்ணையாரின் நான்கு வயலும் அப்போது உழுது, பரம்படித்துச் சமன்செய்து, சம்பா நடவுக்குத் தயாராகத் தண்ணீர் கட்டிக் கிடந்தன. ஒரு பயிர் இல்லை, வெறும் சேறு. அதன் வழியாகத் தூக்கிப் போகிறோம் என்று ஆண்கள் கேட்டார்கள். பரம்படித்த வயலில் கால் படக் கூடாது என்று காரியக்காரர் சொன்னார், கலகம் வேண்டாம் என்று வந்திருந்த போலீஸும் அதையே சொன்னது. பாதை கேட்டுச் செத்த மனிதரைக் கடைசியில் வாய்க்காலில்தான் இறக்கினார்கள். மேட்டூர்த் தண்ணீர் கரை தட்டி ஓடிக்கொண்டிருந்த நாள் அது. பாதி வழியில், முன்னால் தூக்கியவர் பள்ளத்தில் கால் வைக்க, பாடை சரிந்து, வைரக்கண்ணுவின் கால்கள் இரண்டும் தண்ணீரில் இழுபட்டுக்கொண்டு போயின. கரையில் நின்ற பெண்கள் அதைப் பார்த்தார்கள். அம்மா என் கண்ணைப் பொத்தினாள், ஆனால் விரலிடுக்கில் நானும் பார்த்தேன்.

பண்ணைக்கு நடவுக்குப் போகக் கூடாது என்று ஆண்கள் கூடி முடிவு செய்தார்கள். என் அப்பாதான் எல்லாரையும்விட ஆத்திரத்தோடு பேசியவர். என் அம்மா காத்தாயி அதுவரை எந்தக் கூட்டத்திலும் வாய் திறந்தவள் இல்லை. நடவுக்கு ஆள் சேர்த்துக் கூட்டிப்போகிறவள் என்பதால் வயலில் அவள் சொல் எடுபடும், அவ்வளவுதான். மறுவாரம் காரியக்காரர் ஆள் கேட்டு வந்தபோது அவள் நாங்கள் வருகிறோம் என்று சொல்லிவிட்டாள். அப்பா திகைத்துப்போனார். செத்தவன் சாம்பல் ஆறவில்லை, அதற்குள் கூலிக்குப் போகிறாயா என்று தெருவே கேட்கும்படி கேட்டார். அப்பா அன்றைக்கு நிறுத்திய பேச்சைத் தொடர மூன்று வாரம் ஆயிற்று.

அவள் கணக்கு வேறு. நாம் போகாவிட்டால் வெளியூர் ஆளை லாரியில் கொண்டுவந்து நான்கு வயலையும் அடைத்து நட்டுவிடுவார்கள். நட்டுவிட்டால் தை மாதம் வரைக்கும் அந்த வழியை நினைத்தும் பார்க்க முடியாது. இதை அவள் பெண்களிடம் மட்டும், வாய்க்கால் படித்துறையில் துணி துவைக்கும்போது சொன்னாள்.

“நடுவோம். வைரண்ணன் கேட்ட எட்டடிய விட்டுட்டு நடுவோம்.”

யாரும் மறுத்துப் பேசவில்லையாம். வேப்பமரமும் ஒற்றைப் பனையும் எல்லாருக்கும் மனப்பாடம். தெருப் பக்கத்து வரப்பில் வரிசையாக நின்று பின்னோக்கி நட்டுக்கொண்டே போனால், வேப்பமரம் கண்ணெதிரில் இருக்கும், பனை முதுகுக்குப் பின்னால் இருக்கும். வரிசையின் நடுவில் நிற்கும் இரண்டு பேர் நடுகிற மாதிரி குனிந்துகொண்டு நடாமல் நகர்ந்தால் போதும், எட்டடி தானாக விழுந்துவிடும். புதிதாக நட்ட நாற்று வெளிறிப்போய்த் தலை சாய்ந்து கிடக்கும், வரப்பில் நிற்பவருக்கு எங்கே நாற்று, எங்கே தண்ணீர் என்று பத்து நாளைக்குத் தெரியாது. மிச்சமாகும் நாற்றை மற்றவர்கள் நெருக்கி நட்டுச் சரிக்கட்டிவிட வேண்டியது. இப்படி எல்லாவற்றையும் யோசித்தவர்கள் ஒன்றை மட்டும் யோசிக்கவில்லை.

நம்பிக்கையான ஆள் என்று நடுவில் அஞ்சலை அத்தையை நிறுத்தினாள் அம்மா. அஞ்சலை அத்தை எங்கள் தெருவிலேயே வேகமான கை. பாட்டு தொடங்கியது, வரிசை நகர்ந்தது, பத்துப் பன்னிரண்டு அடி போன பிறகு அம்மா நிமிர்ந்து பார்த்தால், விட வேண்டிய இடத்தில் அச்சடித்த மாதிரி நாற்று நிற்கிறது. அத்தை தன்னை அறியாமல் நட்டுக்கொண்டே வந்திருக்கிறாள். கலைந்ததைச் சரிசெய்கிற பாவனையில் அத்தனையையும் பிடுங்கிவிட்டு மறுபடி ஆரம்பித்தார்கள். மறுபடியும் நட்டுவிட்டாள். பக்கத்தில் நின்றவளும் அதே கதைதான். குனிந்து, இடது கையில் முடியும் பிடித்து, காலுக்குக் கீழே சேறும் இருந்துவிட்டால், பத்து வயதிலிருந்து நட்ட கை அதுபாட்டுக்கு நட்டுவிடுகிறது.

“காத்தாயி, கை கேக்க மாட்டேங்குதுடி,” என்றாள் அஞ்சலை அத்தை. அழுகிறாளா சிரிக்கிறாளா என்று எனக்குத் தெரியவில்லை. இரண்டும்தான் என்று இப்போது தோன்றுகிறது.

அம்மா சுற்றிலும் பார்த்தாள். வயலில் நடத் தெரியாதவர்கள் இரண்டே பேர். நாற்று முடி எடுத்துக் கொடுக்க வந்திருந்த நான் ஒருத்தி. இன்னொருத்தி, நெல் நடவே இல்லாத கடலைக்காட்டுச் சீமையிலிருந்து எங்கள் தெருவுக்கு வாழ்க்கைப்பட்டு வந்து ஒரு மாதமே ஆகியிருந்த முத்துலட்சுமி. சேற்றில் நிற்கவே பழகாமல் ஆளைப் பிடித்துக்கொண்டு நடந்தவள். காரியக்காரர் வெற்றிலை போடத் திரும்பிய நேரத்தில் எங்கள் இரண்டு பேரையும் இழுத்து நடுவில் நிறுத்தினாள்.

“நடுற மாதிரி குனிஞ்சிக்க. ஒரு நாத்துகூட மண்ணுல எறங்கக் கூடாது.”

பெரிய பெண்களோடு வரிசையில் நிற்பது அதுதான் எனக்கு முதல் தடவை. எத்தனை நாள் ஏங்கியிருப்பேன். நின்றும் நடக் கூடாது என்றால் ஒரு பிள்ளைக்கு எப்படி இருக்கும். இடுப்பு கழன்றது, கால் விரலிடுக்கில் சேறு அரித்தது, எனக்கு இரண்டு பக்கமும் பெண்கள் கோலம் போடுகிற மாதிரி நட்டுக்கொண்டு போக, என் முன்னால் மட்டும் வெறும் தண்ணீர். மூன்று வயல் வரைக்கும் பொறுத்தேன். நான்காவது வயலில், யாரும் பார்க்கவில்லை என்று உறுதிசெய்துகொண்டு, முடியிலிருந்து நாலு தாளை உருவி ஒரே ஒரு குத்து நட்டுவிட்டேன். நன்றாக ஊன்றி நட்டேன். அதற்குப் பிறகு மனம் அடங்கியது, மிச்சத்தை ஒழுங்காக நடாமல் முடித்தேன்.

பதினைந்தாம் நாள் வாக்கில் நாற்று வேர் பிடித்துப் பச்சை கட்டியது. அன்று காலையில் ஆற்றங்கரைக்குப் போன அப்பா, கரைமேல் ஏறித் திரும்பிப் பார்த்திருக்கிறார். நான்கு வயலும் பச்சை; அந்தப் பச்சையின் நடுவில், ஒற்றைப் பனையிலிருந்து வேப்பமரம் வரைக்கும், தலையில் வகிடு எடுத்த மாதிரி ஒரே நேராக எட்டடிக்குத் தண்ணீர் மின்னிக்கொண்டு கிடக்கிறது. ஓட்டமும் நடையுமாக வீட்டுக்கு வந்தவர் அம்மாவுக்கு எதிரே போய் நின்றார். பிறகு உட்கார்ந்து, சோறு போடு என்று தானாகக் கேட்டார். அந்த மூன்று வாரத்தில் அவர் அவளிடம் பேசிய முதல் வார்த்தை அதுதான். அம்மா சோறு போட்டுவிட்டு, முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். அப்புறம் அவள் வயலைப் போய்ப் பார்த்து, வகிட்டின் நடுவில் ஒரே ஒரு குத்து மட்டும் திமிராக நிற்பதைக் கண்டுபிடித்து, வந்து என் காதைத் திருகியதையும் சொல்லாமல் விடக் கூடாது.

மத்தியானமே களத்துக்குக் கூப்பிட்டார்கள். பண்ணையார் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அவர் கத்துகிற மனிதர் இல்லை, அதனாலேயே எல்லாருக்கும் பயம். அந்த இடத்தில் நின்றது யார் என்று கேட்டார். அம்மா என்னையும் முத்துலட்சுமியையும் முன்னால் நிறுத்தினாள்.

“நடத் தெரியாத ரெண்டு பேருங்கய்யா. கத்துக்கட்டும்னு எறக்குனேன். வேணும்னா பாருங்க, நட்டுத்தான் பாத்திருக்கா எம்மவ. ஒண்ணுதான் புடிச்சிருக்கு.”

பண்ணையார் என்னைப் பார்த்து, உனக்கு நடத் தெரியுமா என்றார். தெரியாதுங்க என்றேன். என் வாழ்க்கையில் அவ்வளவு உண்மையாக நான் எதையும் சொன்னதில்லை. அவருக்கு எல்லாம் புரிந்துவிட்டது என்பதும் எங்களுக்குப் புரிந்தது. நாற்றங்காலில் மிஞ்சிக் கிடந்த நாற்றெல்லாம் முற்றிக் கணு விட்டுவிட்டது, இனி அதை எடுத்து இடத்தை நிரப்பவும் முடியாது. ஆகவே அந்தப் பதினான்கு பேர் வீட்டுக்கும் பண்ணையில் இனி களையெடுப்பு இல்லை, அறுப்பும் இல்லை என்று சொல்லிவிட்டு எழுந்து உள்ளே போய்விட்டார்.

அந்த மழைக்காலம் எங்களுக்குப் பசிக்காலம். வாய்க்கால் நண்டு, வரப்பு நத்தை, பொன்னாங்கண்ணிக் கீரை இவற்றால்தான் வயிறு நிறைந்தது. அப்பாவும் இன்னும் சிலரும் செங்கல் சூளைக்குப் போனார்கள். அடுத்த நடவில் வயலை அடைத்து நட்டுத் தருகிறேன் என்று ஒரு வார்த்தை சொன்னால் நாளைக்கே வேலை என்று காரியக்காரர் இரண்டு தடவை வாசலுக்கு வந்து அம்மாவிடம் சொன்னார். எங்களில் இரண்டு மூன்று வீட்டில் கைக்குழந்தைகள் இருந்தன, பாலுக்குக்கூட வழியில்லை. அம்மா அந்த வீடுகளுக்குப் போய்ப் போய் வருவாள், வந்து சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பாள். அவள் தடுமாறவே இல்லை என்று எழுத எனக்கு ஆசைதான். தடுமாறினாள், ஆனால் அந்த ஒரு வார்த்தையை மட்டும் சொல்லவில்லை. அந்த நாட்களில் அவள் சோறு வடிக்கும்போது கஞ்சியைக்கூடக் கீழே சிந்தாமல் இரண்டு கையாலும் பிடித்திருப்பாள்.

கார்த்திகையில் வைரக்கண்ணுவின் தாய் இறந்துபோனார். மகன் போன நாளிலிருந்து அந்த அம்மாளுக்குச் சோறு இறங்கவில்லை. அடைமழை விட்டு இரண்டு நாள் ஆகியிருந்தது, வாய்க்கால் கரை வழிந்துகொண்டிருந்தது. தெரு ஜனங்கள் பாடையைத் தூக்கிக்கொண்டு வேப்பமரத்தடிக்கு வந்தார்கள், வகிட்டில் இறங்கினார்கள். முழங்கால் சேறுதான், ஆனால் நான்கு பேர் தோளுக்குத் தோள் நடக்க இடம் இருந்தது. காரியக்காரர் வரப்பில் ஓடி வந்து, பயிரை மிதிக்கிறார்கள் என்று கத்தினார். இரண்டு பக்கமும் இடுப்புயரப் பயிர், நடுவில் போகிறவர்கள் ஒரு தாளைக்கூடத் தொடவில்லை. நான் நட்ட குத்து வந்ததும் தூக்கியவர்கள் அதைச் சுற்றிக்கொண்டு போனதைக் கரையிலிருந்து பார்த்தேன்; அம்மா அவர்களிடம் முதலிலேயே சொல்லி வைத்திருந்தாள்.

பயிர்ச்சேதம் என்று பண்ணையிலிருந்து வழக்கம்போல் பிராது போயிற்று. மறுநாள் தாசில்தார் ஜீப்பில் வந்தார். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வரப்பிலேயே கடைசி வயல் வரைக்கும் நடந்தார், காரியக்காரர் கூடவே போனார், நாங்கள் வேப்பமரத்தடியில் நின்று பார்த்தோம். மிதிபட்ட பயிர் எது என்று தாசில்தார் கேட்டிருக்கிறார். காரியக்காரரால் காட்ட முடியவில்லை. வேப்பமரத்தடிக்குத் திரும்பியதும், நடுவில் நின்ற அந்த ஒற்றைக் குத்தைச் சொல்லி, இத்தனை பேர் பிணத்தைத் தூக்கிக்கொண்டு போயும் இதைக்கூட மிதிக்கவில்லையே, பிறகு என்ன சேதம் என்று எங்கள் காதுபடவே கேட்டார். வைரக்கண்ணு கொடுத்த கடைசி மனு அவர் ஆபீஸில்தான் இருந்தது. நாங்கள் ஒரு வரியும் புதிதாகச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. வேப்பமரம், ஒற்றைப் பனை, நேர்கோடு, எட்டடி என்று காகிதத்தில் இருந்தது அப்படியே கண் முன்னால் கிடந்தது.

பண்ணையார் அத்தோடு விட்டுவிடவில்லை, ஆனால் அறுவடைக்கு நின்ற கதிர் மழையில் சாயத் தொடங்கியபோது எங்கள் தெருவைத்தான் கூப்பிட வேண்டியிருந்தது. அடுத்த வருஷமும் நடவு வந்தது, அடுத்த வருஷமும் அந்த எட்டடி விடுபட்டது. அதற்கடுத்த வருஷம் சர்வே ஆட்கள் வந்து கல் நட்டார்கள், மண் கொட்டினார்கள். கல் நடும் வரைக்கும் நடுவில் நிற்க நடத் தெரியாதவர்கள் வேண்டுமே. முத்துலட்சுமி இரண்டாம் வருஷத்துக்குள் நன்றாக நடக் கற்றுக்கொண்டு தகுதி இழந்துவிட்டாள். நானும் கற்றுக்கொள்கிறேன் என்று அடம்பிடித்தேன். “நீ கத்துக்கிட்டா அந்த எடத்துல யாரு நிக்கிறது?” என்று அம்மா என்னை நாற்றைத் தொடவே விடவில்லை. பள்ளிக்கூடத்துக்குப் போ, நடவன்றைக்கு மட்டும் வந்து சும்மா நில் என்பாள். அஞ்சலை அத்தையும் தன் மகளை அப்படியே வைத்திருந்தாள், இன்னும் சிலரும். நடத் தெரியாத பெண் பிள்ளைகள் என்று எங்கள் தெருவில் ஒரு தலைமுறை அப்படித்தான் உண்டானது. அஞ்சலை அத்தையின் மகள் திருச்சியில் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றாள். நான் தஞ்சாவூரில் முப்பது வருஷம் கணக்கு டீச்சராக இருந்தேன். எனக்கு இன்றுவரை நடத் தெரியாது, அதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு.

இப்போது அந்த இடம் சிமென்ட் சாலை. ஸ்கூல் வேன் போகிறது, பெண் பிள்ளைகள் சைக்கிளில் போகிறார்கள், ஆற்றைத் தாண்டிப் பாலம் வந்துவிட்டதால் ஊர்க்காரர்களும் பஸ்ஸுக்கு அந்த வழியாகத்தான் வருகிறார்கள். பண்ணை வீடு பூட்டிக் கிடக்கிறது, பேரப்பிள்ளைகள் எல்லாரும் வெளிநாட்டில். நான்கு வயலில் இரண்டை எங்கள் தெருக்காரர்களே வாங்கிப் பயிர் செய்கிறார்கள். நடவுக்கு மெஷின் வருகிறது, ஓட்டுகிறவர் ஒருவர், தட்டு எடுத்து வைப்பவர் ஒருவர், அரை நாளில் முடிந்துவிடும். பதினான்கு முதுகுகளை ஒரே வரிசையில் இன்று நம் பக்கத்தில் பார்ப்பது கஷ்டம். பாட்டும் போயிற்று. கை கேட்கவில்லை என்று சொன்ன அஞ்சலை அத்தை போய்ப் பல வருஷம் ஆகிறது. அந்தப் பதினான்கு பேரில் இப்போது இருப்பது மூன்றே பேர்: அம்மா, முத்துலட்சுமி அக்கா, நான்.

போன தை மாதம் ஊராட்சியில் அந்தச் சாலைக்கு வைரக்கண்ணுவின் பெயரை வைத்தார்கள். பெயர்ப் பலகை திறப்பு விழா, வேப்பமரத்தடியில் பந்தல், எங்கள் மூன்று பேருக்கும் பொன்னாடை. அம்மாவுக்கு எண்பது வயதாகிறது. பொன்னாடையைப் போர்த்திவிட்டு, ஊராட்சித் தலைவராக இருக்கும் இளம்பெண் மைக்கை அவள் கையில் கொடுத்து, இரண்டு வார்த்தை பேசுங்க ஆயா என்றாள். அம்மா மைக்கைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.

“அம்பது வருஷம் நட்டேன். நட்டதுக்கு ஒருத்தரும் துணி போத்தல. நடாம விட்டதுக்குப் போத்துறீங்க.”

பந்தல் முழுக்கச் சிரித்தது, தலைவரும் சிரித்தாள், எனக்குப் பெருமை தாங்கவில்லை. சிரிப்பு அடங்கும் வரை அம்மா நின்றுகொண்டே இருந்தாள். பிறகு புதுப் பலகையைத் திரும்பிப் பார்த்தாள். அவளுக்குப் படிக்கத் தெரியாது, ஆனால் அதில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியும்.

“நம்ம தெருவுல அதுக்கப்புறம் செத்தவங்க எல்லாரும் இந்த வழியாத்தான் போனாங்க. நாளைக்கு நானும் இதுல போயிடுவேன். வைரண்ணன் ஒருத்தர்தான் போகல.”

அவ்வளவுதான் பேசினாள். மைக்கைக் கொடுத்துவிட்டு உட்கார்ந்தாள்.